புளூ ஜேய்ஸ் ஆட்டங்களைப் பார்க்கவும் கேட்கவும்: முழுமையான வழிகாட்டி

ரொறன்ரோவின் பேஸ்போல் அணியான புளூ ஜேய்ஸின் ஆட்டங்களைப் பார்க்க ஆசைப்படுகிறவர்கள் முதல் வேலையாகக் காசைக் கட்டிவிடுகிறார்கள். உண்மையில் அது கடைசியில் செய்ய வேண்டியது. எந்த ஊரில் இருந்து பார்க்கிறீர்கள், அன்றைய ஆட்டத்தின் ஒளிபரப்பு உரிமை யாரிடம் இருக்கிறது என்ற இரண்டும் தெரியாமல் எடுத்த சந்தா, ஆட்டம் தொடங்கும் நேரத்தில் கறுப்புத் திரையைத்தான் காட்டும். புதிதாக வந்தவர்கள் பலர் இதில் தடுக்கி விழுவதைப் பார்த்துப் பார்த்து, செய்ய வேண்டிய ஒழுங்கிலேயே இதை எழுதியிருக்கிறேன்.

தொடங்கும் முன் கையில் இருக்க வேண்டியவை: இணைய இணைப்பு, பார்க்கப் போகும் கருவி, வீட்டில் கேபிள் இருந்தால் அதன் கணக்குப் பெயரும் கடவுச்சொல்லும், எம்எல்பி (புளூ ஜேய்ஸ் ஆடும் பேஸ்போல் லீக்) செயலியில் திறந்த இலவசக் கணக்கு. முடிந்தால் ஒரு சிறிய ஏஎம் வானொலிப் பெட்டியும் வைத்துக்கொள்ளுங்கள். ஏன் என்று ஏழாம் படியில் சொல்கிறேன்.

1. எங்கே இருந்து பார்க்கிறீர்கள் என்பதை முடிவு செய்யுங்கள்

மற்ற எல்லாப் படிகளும் இதைப் பொறுத்தவை.

கனடாவுக்குள் புளூ ஜேய்ஸ் ஆட்டங்கள் ஸ்போர்ட்ஸ்நெட் என்ற விளையாட்டுத் தொலைக்காட்சிக்கு உரியவை. அணியும் ஸ்போர்ட்ஸ்நெட்டும் ரோஜர்ஸ் என்ற ஒரே நிறுவனத்தின் கைகளில் இருக்கின்றன. அதனால் எம்எல்பி டிவி என்ற லீக்கின் சொந்தச் சேவையில் புளூ ஜேய்ஸ் ஆட்டங்களைக் கனடா முழுவதிலும் நேரலையில் காட்டமாட்டார்கள். ரொறன்ரோவில் மட்டும்தான் இந்தத் தடை என்று நினைத்து வன்கூவரில் சந்தா எடுப்பவர்கள் இருக்கிறார்கள். ஹலிஃபாக்ஸ் தொடங்கி வன்கூவர் வரை ஒரே தடைதான். வெளியூரில் நடக்கும் ஆட்டங்களுக்கும் அது பொருந்தும். ஆட்டம் முடிந்து ஏறக்குறைய 90 நிமிடங்களுக்குப் பிறகுதான் முழுப் பதிவும் எம்எல்பி டிவியில் திறக்கும்.

கனடாவில் இருந்துகொண்டு எம்எல்பி டிவி எடுப்பதில் பொருள் இருப்பது, நீங்கள் வேறொரு அணியைத் தொடர்ந்து பார்ப்பவர் என்றால் மட்டுமே.

அமெரிக்காவில் இருந்தால் நிலைமை தலைகீழ். அங்கே எம்எல்பி டிவிதான் வழி. ஆனால் உங்கள் பகுதியின் அணியோடு புளூ ஜேய்ஸ் மோதும் நாளில் படம் மறையும். நியூயோர்க்கில் இருப்பவருக்கு யாங்கீஸ் ஆட்டம் வந்தால் அன்று வராது. தேசிய அளவில் ஒரு நிறுவனத்துக்கு மட்டும் கொடுத்த ஆட்டங்களும் அப்படியே.

இந்தியா, இலங்கை என்றால் எம்எல்பி டிவி. அதைப் பத்தாம் படியில் பார்க்கலாம்.

தடை பார்ப்பது நீங்கள் அந்த நேரத்தில் இருக்கும் இடத்தை. உங்கள் கடனட்டை எந்த நாட்டுடையது என்பதை அல்ல. இருப்பிடத்தை மறைக்கும் விபிஎன் வழியைச் சிலர் சொல்லித் தருவார்கள். அது சேவையின் விதிகளுக்கு முரணானது. பாதி ஆட்டத்தில் அறுந்து போனால் முறையிடவும் இடமில்லை. அதை நான் பரிந்துரைப்பதில்லை.

2. அட்டவணையைக் கைபேசி நாட்காட்டியில் ஏற்றுங்கள்

ஒரு பருவத்தில் 162 ஆட்டங்கள். மார்ச் கடைசியில் தொடங்கி செப்டம்பர் கடைசி வரை ஏறக்குறைய நாள்தோறும் நடக்கும். இதை நினைவில் வைத்துச் சமாளிக்க முடியாது. எம்எல்பி இணையத்தளத்தில் அணியின் அட்டவணைப் பக்கத்துக்குப் போனால், அதை உங்கள் நாட்காட்டியோடு இணைக்கும் வசதி இருக்கிறது. கையால் எழுதி வைப்பதைவிட இது நல்லது. ஆட்ட நேரம் மாறினால் நாட்காட்டியிலும் தானாக மாறும்.

அட்டவணையை வாசிக்கும்போது '@' குறியைக் கவனியுங்கள். அது இருந்தால் ஆட்டம் எதிரணியின் ஊரில். ஸ்கோர் எழுதும்போதும் வெளியூர் அணியைத்தான் முதலில், அல்லது மேலே, போடுவார்கள். வெளியூர் அணி முதலில் மட்டை பிடிப்பது அதற்குக் காரணம். உதைபந்தாட்டம் பார்த்துப் பழகியவர்கள் முதலில் இருப்பது சொந்த ஊர் அணி என்று வாசித்துக் குழம்புவார்கள்.

ரொறன்ரோவில் மாலை ஆட்டம் வழக்கமாக 7:07க்கு. சனிக்கிழமை 3:07, ஞாயிறு 1:37 என்று பகல் ஆட்டங்கள் வரும். ஏழு மணி என்று நினைத்தால் தவறில்லை, சில நிமிட முன்னுரையும் கேட்கலாம். அணி மேற்குக் கரைக்குப் போகும்போதுதான் சிக்கல். சியாட்டில், லொஸ் ஏஞ்சலிஸ் ஆட்டங்கள் நமக்கு இரவு 9:40க்கும் 10:10க்கும் தொடங்கும். அட்டவணை எந்த நேர வலயத்தில் காட்டுகிறது என்று ஒருமுறை சரிபார்த்துவிடுங்கள்.

ஆட்டம் எவ்வளவு நேரம்? 2023இல் பந்து வீச்சுக்கு மணிக்கூடு வைத்த பிறகு சராசரி ஏறக்குறைய 2 மணி 40 நிமிடமாகக் குறைந்துவிட்டது. மூன்றரை மணி நேரம் என்று பழைய ஆட்கள் சொல்வதைக் கேட்டுப் பயப்பட வேண்டாம்.

3. வீட்டில் ஏற்கெனவே இருப்பதைத் தேடுங்கள்

காசைச் சேமிக்கும் படி இதுதான். பலர் இதைத் தாண்டிப் போய்விடுகிறார்கள்.

ஸ்காபரோவிலோ மார்க்கத்திலோ அப்பா அம்மாவின் வீட்டில் கேபிள் இருக்கும். தமிழ் அலைவரிசைகளுக்காக எடுத்த பொதியில் ஸ்போர்ட்ஸ்நெட்டும் சேர்ந்திருக்கும். அதை யாரும் பார்ப்பதில்லை என்பதால் இருப்பதே தெரியாது. மகன் தன் அறையில் இருந்துகொண்டு, ஸ்போர்ட்ஸ்நெட்டை இணையத்தில் தரும் ஸ்போர்ட்ஸ்நெட் பிளஸ் சந்தாவை மாதாமாதம் தனியாகக் கட்டிக்கொண்டிருப்பார். ஒரே அலைவரிசைக்கு ஒரே வீட்டில் இரண்டு கட்டணம்.

பில்லை எடுத்து ஸ்போர்ட்ஸ்நெட் என்ற பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். இருந்தால் ஸ்போர்ட்ஸ்நெட் பிளஸ் செயலியைத் திறந்து, புதிய கணக்குக்குப் பதில் தொலைக்காட்சி வழங்குநர் வழியாக உள்நுழையுங்கள். பொதியில் உள்ள அலைவரிசைகள் அதே கணக்கில் கைபேசியிலும் வரும். இங்கே ஒரு தடங்கல் வரும்: வீட்டில் யாருக்கும் கேபிள் கணக்கின் கடவுச்சொல் தெரியாது. பெட்டியைப் பொருத்த வந்தவர் அன்று ஏதோ ஒரு மின்னஞ்சலைப் போட்டுவிட்டுப் போயிருப்பார். இதை ஆட்டம் நடக்கும் மாலையில் தேட வேண்டாம். பகலில் வாடிக்கையாளர் சேவையை அழைத்து மாற்றி வையுங்கள்.

4. இல்லையென்றால் மட்டும் சந்தா எடுங்கள்

கேபிள் இல்லாத வீட்டுக்கு ஸ்போர்ட்ஸ்நெட் பிளஸ் போதும். அதில் சாதாரணத் திட்டம், பிரீமியம் என்று இருக்கின்றன. புளூ ஜேய்ஸுக்குச் சாதாரணத் திட்டமே போதும். பிரீமியத்தில் கூடுதலாகக் கிடைப்பவை பெரும்பாலும் ஹொக்கிக்காரர்களுக்கானவை.

மாதச் சந்தாவா, ஆண்டுச் சந்தாவா? மார்ச் கடைசி முதல் செப்டம்பர் கடைசி வரை ஆறு மாதத்துக்கு மேல். அணி அடுத்த சுற்றுக்குப் போனால் ஒக்டோபரும் சேரும். ஆகவே மாதக் கட்டணத்தை ஏழால் பெருக்கிப் பாருங்கள். ஆண்டுக் கட்டணம் அதைவிடக் குறைவாக இருந்தால் ஆண்டுச் சந்தா. விலை பருவத்துக்குப் பருவம் மாறுவதால் இங்கே தொகை எழுதவில்லை, அன்றைய விலையை வைத்துக் கணக்குப் பாருங்கள்.

சந்தாவை நிறுவனத்தின் இணையத்தளத்திலேயே எடுங்கள். கைபேசியின் செயலிக் கடை வழியாக எடுத்தால், நிறுத்தும்போதும் அந்தக் கடைக்குள் போய்த்தான் நிறுத்த வேண்டும். செயலியை அழித்தால் சந்தா நின்றுவிடும் என்று நம்பியவர்களின் அட்டையில் டிசம்பரிலும் பணம் எடுக்கப்பட்டுக்கொண்டிருக்கும். எடுத்த அன்றே, புதுப்பிக்கும் தேதிக்கு ஒரு வாரம் முன்பாக நாட்காட்டியில் ஒரு நினைவூட்டல் போடுங்கள்.

காசு கட்டும் முன் உங்கள் தொலைக்காட்சியில் அந்தச் செயலி இறங்குகிறதா என்று பாருங்கள். பழைய ஸ்மார்ட் தொலைக்காட்சிகள் சிலவற்றில் இறங்காது. அப்போது வெளியில் இருந்து செருகும் ஒரு சிறிய கருவி வாங்க வேண்டியிருக்கும், அந்தச் செலவையும் கணக்கில் சேருங்கள்.

பிரெஞ்சு வர்ணனை வேண்டுமானால் டிவிஏ ஸ்போர்ட்ஸில் தேடுங்கள்.

5. வெள்ளிக்கிழமையைத் தனியாகப் பாருங்கள்

2022 முதல் ஒவ்வொரு வெள்ளியும் இரண்டு ஆட்டங்களை ஆப்பிளின் டிவி சேவை எடுத்துக்கொள்கிறது. அதில் புளூ ஜேய்ஸ் ஆட்டம் விழுந்தால் அன்று ஸ்போர்ட்ஸ்நெட்டில் வராது, கேபிளிலும் வராது. செயலி பழுது, இணையம் பழுது என்று எதையெல்லாமோ அணைத்துப் போட்டுவிட்டு, ஆறாவது இனிங்ஸில்தான் விஷயம் தெரியவரும்.

ஆண்டுக்கு ஒரு சில வெள்ளிகள்தான். அதற்காக ஆண்டு முழுவதும் ஆப்பிளுக்குக் கட்டுவது வீண் என்பது என் கருத்து. அட்டவணையில் அந்த வெள்ளிகளைக் குறித்துவைத்து அந்த மாதத்துக்கு மட்டும் எடுங்கள், அல்லது அன்று வானொலியில் கேளுங்கள். ஆப்பிளில் பார்ப்பவருக்கு ஒரு நல்ல செய்தி: அமெரிக்காவிலும் கனடாவிலும் அவர்களுடைய வர்ணனையை மாற்றி, அணியின் வழக்கமான வானொலிக் குரலைப் படத்தோடு கேட்கும் தெரிவு அதில் உண்டு.

6. அலைவரிசையைத் தேடாதீர்கள், ஆட்டத்தைத் தேடுங்கள்

ஸ்போர்ட்ஸ்நெட் ஒரே அலைவரிசை அல்ல. ஒன்ராறியோ, ஈஸ்ட், வெஸ்ட், பசிபிக் என்று வட்டாரப் பிரிவுகள் இருக்கின்றன. அதோடு ஸ்போர்ட்ஸ்நெட் வன், ஸ்போர்ட்ஸ்நெட் 360 ஆகியவையும் உண்டு. ஏப்ரலிலும் மே மாதத்திலும் ஹொக்கி இறுதிச் சுற்றுகள் நடக்கும்போது பேஸ்போல் வேறு அலைவரிசைக்குத் தள்ளப்படும். நேற்று வந்த எண்ணில் இன்று ஹொக்கி ஓடினால் ஆட்டம் ரத்து என்று பொருளல்ல. பெட்டியின் தேடலில் அணியின் பெயரைப் போட்டுத் தேடுங்கள்.

பிவிஆரில் (நிகழ்ச்சிகளைப் பதிவு செய்யும் பெட்டி) பதிவு செய்கிறவர்கள் முடிவு நேரத்தைக் குறைந்தது 90 நிமிடம் நீட்டி வையுங்கள். பேஸ்போலில் சமநிலை கிடையாது, ஒரு முடிவு வரும்வரை கூடுதல் இனிங்ஸ் ஓடும். வழக்கமான பருவத்தில் பத்தாவது இனிங்ஸ் முதல் இரண்டாம் தளத்தில் (ஓட்டம் எடுக்கச் சுற்றிவர வேண்டிய தளங்களில் இரண்டாவது) ஓர் ஓட்டக்காரரை நிறுத்தியே தொடங்குவதால் விரைவில் முடிந்துவிடும். ஒக்டோபரில் அந்தச் சலுகை இல்லை. லொஸ் ஏஞ்சலிஸ் டொட்ஜர்ஸோடு புளூ ஜேய்ஸ் மோதிய 2025 உலகத் தொடரின் (லீக்கின் இறுதிப் போட்டித் தொடர்) மூன்றாவது ஆட்டம் 18 இனிங்ஸ் போய், 6 மணி 39 நிமிடம் நீண்டது. ரொறன்ரோவில் அதிகாலை மூன்று மணி நெருங்கியபோதுதான் டொட்ஜர்ஸ் வென்றார்கள். 90 நிமிடம் நீட்டி வைத்தவர்களுக்கும் அன்று முடிவு பதிவாகியிருக்காது. ஒக்டோபரில் பெட்டி அனுமதிக்கும் முழு நேரத்தையும் போடுங்கள்.

இதற்கு எதிர்மாறான குழப்பமும் உண்டு. ஒன்பதாவது இனிங்ஸின் முதல் பாதி முடியும்போது சொந்த ஊர் அணி முன்னிலையில் இருந்தால், இரண்டாம் பாதியை ஆடமாட்டார்கள். ஒளிபரப்பு அறுந்துவிட்டது என்று தொலைக்காட்சியை அணைத்துப் போட வேண்டாம். ஆட்டம் முடிந்துவிட்டது.

ரொறன்ரோ மைதானத்துக்கு மூடும் கூரை உண்டு, அதனால் சொந்த ஊரில் மழைத் தொல்லை இல்லை. வெளியூரில் மழை பெய்தால் ஆட்டம் தள்ளிப்போய், இன்னொரு நாளில் ஒன்றன்பின் ஒன்றாக இரண்டு ஆட்டங்கள் வரலாம். நாட்காட்டியை இணைத்து வைத்தவருக்கு இது தானாகவே தெரியவரும்.

7. வானொலி: செலவில்லாத வழி

ரொறன்ரோவில் ஏஎம் 590, ஸ்போர்ட்ஸ்நெட் 590 த ஃபேன். சந்தாவோ கடவுச்சொல்லோ வேண்டாம். வெள்ளிக்கிழமைச் சிக்கலும் இல்லை. வேலை முடிந்து 401 நெடுஞ்சாலையில் நிற்பவருக்கு இதைவிட நல்ல துணை கிடையாது.

கைபேசியில் ஏஎம் கிடைக்காது. புதிய மின்சாரக் கார்கள் சிலவற்றிலும் ஏஎம் இல்லை. அதனால்தான் தனி வானொலிப் பெட்டி என்றேன். மாடிக் குடியிருப்புகளில் கொங்கிரீட் சுவர் அலையைத் தடுக்கும். எல்ஈடி விளக்கும் கைபேசி சார்ஜரும் இரைச்சலைக் கொடுக்கும். பெட்டியை ஜன்னல் ஓரத்தில் வைத்து, பக்கத்தில் இருக்கும் சார்ஜரைக் கழற்றிவிட்டு, பெட்டியையே மெதுவாகச் சுற்றுங்கள். ஏஎம்முக்கான அன்டெனா பெட்டிக்குள் கிடையாகப் படுத்திருக்கும். அதனால் பெட்டி எந்தப் பக்கம் பார்க்கிறது என்பதைப் பொறுத்தே குரல் தெளியும். மேலே இழுக்கும் கம்பியை எவ்வளவு நீட்டினாலும் ஏஎம்முக்குப் பயனில்லை, அது எஃப்எம்முக்கானது.

590 எட்டாத ஊர்களில் எம்எல்பி ஓடியோ என்ற சந்தா இருக்கிறது. எம்எல்பி டிவியைவிட மிகவும் மலிவானது. முக்கியமாக, இதற்கு வட்டாரத் தடை இல்லை. ஒவ்வோர் ஆட்டத்துக்கும் இரண்டு அணிகளின் வானொலியும் தனித்தனியாக இருக்கும். ரொறன்ரோவின் குரலைத் தெரிவு செய்கிறீர்களா என்று பாருங்கள். தவறி எதிரணியின் குரலைத் தட்டிவிட்டு, வர்ணனையாளர் ஏன் இப்படி வெறுப்பாகப் பேசுகிறார் என்று கேட்பவர்கள் உண்டு.

8. படத்தையும் வானொலியையும் சேர்ப்பது

தொலைக்காட்சியின் ஒலியை அணைத்துவிட்டு வானொலி வர்ணனையோடு பார்ப்பது பலருக்குப் பிடிக்கும். அதில் ஒரே தொல்லை நேர வித்தியாசம். ஏஎம் அலை முதலில் வரும், கேபிள் அடுத்தது, இணையத்தில் வரும் படம் கடைசி. இணையப் படம் அரை நிமிடமோ அதற்கு மேலோ பின்தங்கலாம். வானொலியில் ஹோம் ரன் என்று கத்திய பிறகுதான் திரையில் பந்து வீசப்படும்.

படம் முந்தியிருந்தால் அதை இடைநிறுத்திச் சரிசெய்யலாம். வானொலி முந்தியிருந்தால் ஏஎம் பெட்டியை நிறுத்திவைக்க வழியில்லை. அப்போது ஏஎம்முக்குப் பதில் எம்எல்பி ஓடியோவில் கேளுங்கள், அதுவும் பின்தங்கியே வரும். வானொலியில் பந்து மட்டையில் படும் சத்தம் கேட்கும் நொடியைக் குறியாக வைத்துக்கொண்டு, எது முந்துகிறதோ அதை இடைநிறுத்துங்கள். விளம்பர இடைவேளைக்குப் பிறகு சில வேளை மீண்டும் விலகும், இனிங்ஸுக்கு ஒருமுறை சரிபார்க்க வேண்டிவரும்.

9. காதால் பின்தொடரக் கற்றுக்கொள்வது

வானொலியைப் புதியவர்கள் பத்து நிமிடத்தில் அணைத்துவிடுகிறார்கள். மொழி புரியாததால் அல்ல. எண்களின் அடுக்குத்தான் பிடிபடுவதில்லை.

வர்ணனையாளர் அடிக்கடி "ரூ அன்ட் வன்" என்பார். அது ஸ்கோர் அல்ல. மட்டை பிடிப்பவருக்கு இதுவரை இரண்டு போல், ஒரு ஸ்ட்ரைக் என்று பொருள். அடிக்க வேண்டிய எல்லைக்கு வெளியே வந்து அவர் அடிக்காமல் விட்ட பந்து போல்; எல்லைக்குள் வந்து விட்டதோ, வீசியும் தவறவிட்டதோ ஸ்ட்ரைக். போல் முதலில், ஸ்ட்ரைக் பிறகு, இந்த ஒழுங்கு மாறாது. நான்கு போல் ஆனால் அவர் முதலாம் தளத்துக்கு நடந்து போவார், மூன்று ஸ்ட்ரைக் ஆனால் அவுட். மூன்று அவுட் ஆனதும் பக்கம் மாறும்.

எனவே காதில் மூன்றை மட்டும் பிடித்து வையுங்கள்: எத்தனை அவுட், தளங்களில் யார் நிற்கிறார்கள், இப்போதைய எண்ணிக்கை என்ன. மற்றதெல்லாம் பேச்சு. கிரிக்கெட் வானொலி கேட்டு வளர்ந்தவர்களுக்கு இது ஒரு வாரத்தில் வந்துவிடும். முதல் சில ஆட்டங்களுக்கு எம்எல்பி செயலியின் கேம்டே பக்கத்தைத் திறந்து வைத்துக்கொண்டு கேளுங்கள். ஒவ்வொரு பந்தும் எங்கே விழுந்தது என்பதை இலவசமாகக் காட்டும். கீழே ஆர், எச், ஈ என்று மூன்று பெட்டிகள் இருக்கும்: ஓட்டம், அடி, தவறு. வெற்றியைத் தீர்மானிப்பது முதல் பெட்டி மட்டுமே.

10. இந்தியாவிலோ இலங்கையிலோ இருந்தால்

ஸ்போர்ட்ஸ்நெட் பிளஸ் கனடாவுக்குள் மட்டுமே இயங்கும். ஜூலை விடுமுறைக்கு யாழ்ப்பாணம் போகிறவர்கள் இங்கே கட்டிய சந்தாவை அங்கே திறக்க முடியாமல் திண்டாடுவார்கள். அங்கே எம்எல்பி டிவியை ஒரு மாதத்துக்கு எடுங்கள். கனடாத் தடை அங்கே வராது. கனடா திரும்பும் முன் நிறுத்திவிடுங்கள், திரும்பியதும் அதே சேவையில் புளூ ஜேய்ஸ் மறைந்துவிடும். எம்எல்பி டிவியில் படத்தோடு வானொலிக் குரலைச் சேர்க்கும் தெரிவும் இருப்பதால் எட்டாம் படியின் தலையிடி அங்கே இல்லை.

நேரம்: ரொறன்ரோவில் மாலை 7:07 என்றால் சென்னையிலும் யாழ்ப்பாணத்திலும் மறுநாள் அதிகாலை 4:37. ஞாயிறு 1:37 ஆட்டம் அங்கே இரவு 11:07. மேற்குக் கரையில் நமக்கு இரவு 10:10க்குத் தொடங்குவது அங்கே காலை 7:40, காலைத் தேநீரோடு பார்க்கலாம். ரொறன்ரோவில் தூங்கி வழிந்துகொண்டு பார்க்கும் ஆட்டங்கள்தான் ஊரில் வசதியானவை.

விடிந்த பிறகு பதிவைப் பார்ப்பவர் இரவே இரண்டு வேலை செய்ய வேண்டும். எம்எல்பி செயலியின் அமைப்புகளில் ஸ்கோரை மறைக்கும் தெரிவைப் போடுங்கள், அறிவிப்புகளையும் நிறுத்துங்கள். ஒன்றைச் செய்து மற்றதை விட்டால், எழுந்ததும் பூட்டிய திரையிலேயே முடிவு தெரிந்துவிடும். குடும்ப வாட்ஸ்அப் குழுவை என்ன செய்வது என்பதற்கு என்னிடம் வழியில்லை.

11. மார்ச்சில் ஒத்திகை பாருங்கள்

புளோரிடாவின் டனிடினில் பெப்ரவரி கடைசி முதல் பயிற்சி ஆட்டங்கள் நடக்கும். எல்லாம் ஒளிபரப்பாவதில்லை, ஆனால் சில வரும். அதில் ஒன்றை எடுத்து எல்லாவற்றையும் ஓட்டிப் பாருங்கள். முதல் ஆட்ட நாளில் எல்லோரும் ஒரே நேரத்தில் கடவுச்சொல்லை மறந்து உதவி மையத்தை அழைப்பார்கள்.

ஒத்திகையிலோ பிறகோ படம் வராவிட்டால் இந்த ஒழுங்கில் தேடுங்கள். முதலில் அட்டவணை: இன்று ஆட்டம் இருக்கிறதா, வெள்ளியா, மழையா. அடுத்தது அலைவரிசை மாற்றம். பிறகு, சரியான கணக்கில் உள்நுழைந்திருக்கிறீர்களா என்பது. வீட்டில் பழைய இலவசக் கணக்கு ஒன்றும் கட்டணக் கணக்கு ஒன்றும் வேறு வேறு மின்னஞ்சலில் கிடப்பது வழக்கம். அதன் பிறகு கைபேசியில் இருப்பிட அனுமதி, விபிஎன் அணைந்திருக்கிறதா என்பது. ரவுட்டரை அணைத்துப் போடுவது கடைசி. எல்லோரும் அதைத்தான் முதலில் செய்கிறார்கள், வீட்டில் மற்றவர்களின் இணையமும் அதோடு போய்விடும்.

தேடிக்கொண்டிருக்கும் நேரத்தில் 590ஐத் திருப்பி வையுங்கள்.